ரெண்டு கண்ணும் கொடுத்த தெய்வம்

அந்தக் கண் ஆஸ்பத்திரியில் கட்டுப் பிரிப்பதற்கு முன்பே நன்றி சொல்லிவிட வேண்டும். கட்டைப் பிரித்துவிட்டால் ஆளாளுக்கு வீட்டைப் பார்த்து ஓடிவிடுகிறார்கள், கேமராவுக்கு ஒருத்தரும் சிக்குவதில்லை என்று கோட்டு கண்டுபிடித்து வைத்திருந்தார். விளம்பரப் பிரிவு மேனேஜருக்கு ஆஸ்பத்திரியே வைத்த பெயர் அது. ஏசி படுத்துக்கொண்ட நாளிலும் கோட்டைக் கழற்ற மாட்டார். அக்குளில் ஈரம் வட்டம் கட்டி, காய்ந்து, உப்புப் பூத்துக் கிடக்கும்.

அவள் அங்கே கேமராப் பெண். அவள் வம்சத்தில் கல்லூரிப் படி ஏறிய முதல் ஆள். அதனால் நர்சுகள் அவளை "டிகிரி" என்று கூப்பிட்டார்கள். "டிகிரி, அந்த ஸ்டூல நகர்த்து." "டிகிரி, டீ ஆறுது பாரு." முன்பு குளுக்கோஸ் பாட்டில் அடுக்கிவைத்திருந்த அறையில் ஒரு நீலத் திரை, ரெண்டு விளக்கு, ஒரு நாற்காலி. அதில் ஒற்றைக் கண்ணில் பஞ்சோடு ஒவ்வொருவராக உட்காருவார்கள். விளக்கு வெளிச்சம் பட்டு நல்ல கண்ணிலும் நீர் கொட்டும். நன்றிக் கண்ணீர் என்று கோட்டு அதற்கு வயலின் போடச் சொல்வார்.

எல்லோரும் சொல்ல வேண்டியது ஒரே சொல். தெய்வம். அந்தச் சொல்லுக்குக் கோட்டு ஒரு சட்டமே வைத்திருந்தார். யாராவது "தெய்வத்துக்கு நன்றி" என்றால் வெட்டிவிட வேண்டும்.

"அந்த நன்றி வேற அட்ரசுக்குப் போகுது. நமக்கு என்ன பிரயோஜனம்?"

"டாக்டர் தெய்வம் மாதிரி" என்றால் மாதிரியை மட்டும் வெட்ட வேண்டும். "தெய்வமே" என்று கையெடுத்துக் கும்பிட்டால் அப்படியே வைத்துக்கொள்ளலாம். "எல்லாம் தெய்வம் விட்ட வழி" என்று எவராவது பெருமூச்சு விட்டால் ஃபைலையே அழித்துவிட வேண்டும்.

"அது ஊத்திக்கிட்டவன் பேசற பேச்சு" என்பார் கோட்டு.

நாள் முழுக்க அதைக் காதில் மாட்டிக் கேட்டு, வெட்டி, ஒட்டி, அவளுக்கு அந்தச் சொல் ஊரே மென்று துப்பிய சூயிங்கம் மாதிரி ஆகிவிட்டது. இன்னொருவர் எச்சிலோடு அவள் காதில் ஒட்டிக்கொண்டு வரும்.

அது புதிதாக ஒட்டியதும் இல்லை. அவள் வீட்டில் தெய்வத்துக்குக் குறைச்சலே கிடையாது. சான்றிதழில் முத்திரை குத்திய கிளார்க் தெய்வம். குழாய் அடைப்பை எடுக்க நாலாம் முறை கூப்பிட்டதும் வந்தவன் தெய்வம். காசு வாங்கிக்கொண்டு செய்ய வேண்டிய வேலையைச் செய்தவனெல்லாம் அப்பாவுக்குத் தெய்வம். அவர் வாயில் மனுஷன் என்ற சொல் வசவாக மட்டும்தான் வரும். "நீயெல்லாம் ஒரு மனுஷனா" என்பார், அதோடு சரி.

அப்பா தையல்காரர். அந்த ஆஸ்பத்திரிக்கு யூனிபார்மும் ஆபரேஷன் தியேட்டரில் விரிக்கிற பச்சைத் துணியும் அவர்தான் தைத்துக் கொடுத்தார். மகளுக்கு அங்கே வேலை கேட்டு, கிடைத்ததும், பெரிய டாக்டர் கையைப் பிடித்து இரண்டு கண்ணிலும் ஒற்றிக்கொண்டார். அவள் பக்கத்தில்தான் நின்றாள். டாக்டர் சிரித்த முகம் மாறாமல் சானிடைசரை அமுக்கிக் கையைத் தேய்த்துக்கொண்டார். அப்பா அதைப் பார்த்துவிட்டு, "எவ்வளவு சுத்தம் பாத்தியா" என்றார்.

அந்த இரண்டு கண்ணில் ஒன்றைத்தான் டாக்டர் போன மழைக்காலத்தில் புரை எடுக்கிறேன் என்று கெடுத்தார். கட்டோடு அப்பா அந்த நீலத் திரை முன்னால் உட்கார்ந்து, யாரும் சொல்லித்தராமலே, மாதிரி கீதிரி எதுவும் போடாமல், "எங்க தெய்வம்" என்று சொன்னார். ஒரே டேக். கோட்டு கைதட்டினார். மறுநாள் கட்டைப் பிரித்தால் கண்ணுக்குள் சாம்பல் கரைத்த தண்ணீர். வாரம் போகப் போக அந்தச் சாம்பலும் கறுத்துவிட்டது.

"உங்க நரம்பு ஏற்கெனவே வீக்" என்றார் பெரிய டாக்டர்.

அவள் லீவு போட்டு அப்பாவை வேறு ஆஸ்பத்திரிக்கு இழுத்துக்கொண்டு போனாள். அங்கே ஒரு பெண் டாக்டர், மருதாணி மங்கிப்போன விரலால் அப்பாவின் மோவாயைத் தூக்கிப் பார்த்துவிட்டு, "உள்ள கிழிச்சிருக்காங்க. நரம்பு மேல தப்பில்ல" என்றாள். "மிச்சம் இருக்கற கண்ண அவசரப்பட்டு யார் கையிலயும் குடுத்துடாதீங்க."

திரும்பி வரும் வழியெல்லாம் அப்பா முணுமுணுத்தார். "சின்னப் பொண்ணு. பொறாமை. பெரிய ஆள்னா நாலு பேர் நாலு சொல்லத்தான் செய்வாங்க."

இப்போது அந்த மிச்சக் கண்ணையும் பெரிய டாக்டரே இலவசமாகச் செய்து தருவதாகச் சொல்லியிருந்தார். அப்பா பல்லெல்லாம் தெரிய வீட்டுக்கு வந்தார். அன்று ஒரு நர்சின் யூனிபார்மில் பையை உள்பக்கம் வைத்துத் தைத்திருந்தார். ஊசி ஏறிய கட்டைவிரலில் துணி சுற்றியிருந்தது.

"போக வேணாம்" என்றாள் அவள்.

"அவரே கூப்புட்டுச் சொல்றாரும்மா."

"அவரு கெடுத்த கண்ணுக்கு அவரு பதில் சொல்லல. அதுக்குள்ள அடுத்ததா?"

"பதில் கேக்கற எடமா அது? தெய்வத்துகிட்ட போயி ரசீது கேப்பாங்களா?"

"இந்தக் கண்ணும் போச்சுன்னா?"

அப்பா மிஷினைத் துடைத்தார். துடைத்த இடத்தையே திரும்பத் துடைத்தார். "போகாது" என்றார்.

ஆபரேஷன் அன்று காலை இரண்டாம் மாடியில் வரிசையாக உட்கார்த்தி வைத்திருந்தார்கள். எல்லோருக்கும் பச்சைத் தொப்பி, செய்ய வேண்டிய கண்ணுக்கு மேலே நெற்றியில் ஒரு பிளாஸ்திரி, மணிக்கணக்காகச் சொட்டு மருந்து. கன்னத்தில் மருந்து வழிந்து பிசுபிசுத்தது. துடைக்கக் கொடுத்த ஒரே துண்டு கைமாறிக் கைமாறிப் போய்க்கொண்டிருந்தது. அப்பாதான் முதல் ஆள். அடுத்தது ஒரு ரொட்டிக் கடைக்கார அம்மாள். கடையை யார் பார்ப்பார்கள் என்று புலம்பிக்கொண்டே இருந்தாள்.

கோட்டு அப்பாவைத் தோளில் கைபோட்டு ஸ்டுடியோவுக்கு அழைத்து வந்தார்.

"இன்னிக்கு முன்னாடியே எடுத்துடலாம், டெய்லர். டாக்டர் சாயங்காலம் வெளியூர். வீடியோ இன்னிக்கே போகணும்."

"ஆபரேஷனுக்கு முன்னாடியேவா?" என்றாள் அவள்.

"கட்டுப் பிரிக்கறதுக்கு முன்னாடி எடுக்கல? அதே மாதிரிதான். நீ லைட்டப் போடு, டிகிரி."

பெரிய டாக்டர் அந்தப் பக்கமாக வந்தவர் வாசலில் நின்றார். எலுமிச்சை வாசனை அடிக்கிற வாசனைத் திரவியம். அப்பா எழுந்து நின்றார். அவள் ஸ்டூலை விட்டு எழவில்லை.

"டாக்டர், போன தடவ என்ன ஆச்சு?"

டாக்டர் கோபப்படவில்லை. கூரையைக் காட்டினார்.

"நாம முயற்சி பண்றோம்மா. மிச்சமெல்லாம் மேல இருக்கறவன் கையில."

"மேல கேண்டீன்தான இருக்கு டாக்டர்."

அப்பா அவள் முழங்கையைக் கிள்ளினார். டாக்டர் குழந்தையைப் பார்ப்பதுபோல் சிரித்துவிட்டுப் போய்விட்டார். கண் தெரிந்தால் இவர் தெய்வம். தெரியாமல் போனால் தெய்வம் மாடி ஏறிவிடுகிறது. நன்றி வாங்க ஒருவர், பழி சுமக்க ஒருவர், ரெண்டுக்கும் ஒரே பெயர்ப்பலகை.

"பொண்ணு கொஞ்சம் சூடு" என்றார் கோட்டு. "விடுங்க. நீங்க இதச் சொல்லுங்க போதும். எனக்கு ரெண்டு கண்ணும் கொடுத்த தெய்வம், எங்க பெரிய டாக்டர். எங்க, ஒரு தடவ."

அவள் கேமராவை ஓடவிட்டாள். அப்பா தொண்டையைச் செருமினார்.

"எனக்குக் கண்ணு கொடுத்த தெய்வம், எங்க பெரிய டாக்டர்."

"ரெண்டு கண்ணும்."

"கண்ணு கொடுத்த தெய்வம்..."

"டெய்லர், ரெண்டு. ரெண்டு கண்ணும்."

அப்பா சங்கடமாகச் சிரித்தார். "ஒண்ணு தெரியலயே சார்."

"அதான் இன்னிக்கு செய்யறோமே."

"இன்னிக்கு செய்யறது இது சார். அது அப்படியேதான இருக்கும்?"

"நீங்க என்ன கணக்கு வாத்தியாரா? சும்மா ஒரு வார்த்தைக்குச் சொல்றது."

"தெய்வம்னு எத்தன தடவ வேணும்னாலும் சொல்றேன் சார்." அப்பா கையைப் பிசைந்தார். கெஞ்சுகிற முகம். "இந்த ரெண்டுங்கறதுதான் வாய்ல வர மாட்டேங்குது."

அவள் கேமராவுக்குப் பின்னாலிருந்து அவரையே பார்த்தாள். இத்தனை வருஷமும் இந்த மனுஷர் அந்தச் சொல்லை அள்ளி இறைத்ததற்குக் காரணம் அவளுக்கு அப்போதுதான் பிடிபட்டது. அந்தச் சொல்லில் அவரைப் பொறுத்தவரை ஒன்றுமே இல்லை. அது காலிப் பாத்திரம், யாருக்கு வேண்டுமானாலும் நீட்டலாம். ரெண்டு என்பது அப்படியில்லை. துணியை அளந்தே வாழ்ந்தவருக்கு ரெண்டு என்றால் ரெண்டு இருக்க வேண்டும்.

கோட்டு கடிகாரத்தைப் பார்த்தார். "சரி, ஒண்ணும் சொல்ல வேணாம். நேத்து ஒரு பெரியவர் சொன்னாருல்ல, இதே கரகரத்த குரலு. அதுலேருந்து அந்த ரெண்ட எடுத்து டிகிரி இங்க ஒட்டிடும்."

அவள் நின்றது அப்பாவின் தெரியாத கண் பக்கம். அவர் நாற்காலியோடு முழுசாகத் திரும்ப வேண்டியிருந்தது.

"ஒட்டிடுவியா?"

"தினமும் அதத்தான் பண்றேன்."

"நான் சொல்லாதத நான் சொன்னதாவா?"

"ஆமா. அதுக்குத்தான் சம்பளம்."

அப்பா பச்சைத் தொப்பியைக் கழற்றி, பழக்கதோஷத்தில் அதன் தையலைத் தடவிப் பார்த்து, நாற்காலியில் வைத்தார். "என் சட்ட எங்க இருக்கு?" என்றார்.

கோட்டு வாசல் வரை வந்தார். நன்றி கெட்ட ஜென்மங்கள் என்றார். நாளையிலிருந்து யூனிபார்ம் வேறு ஆள் தைப்பான் என்றார், அவளை வீட்டுக்குப் போய் அந்த டிகிரியை நெய்யில் வறுத்துத் தின்னச் சொன்னார். லிஃப்ட் கதவு பாதிப் பேச்சில் சாத்திக்கொண்டது.

கீழே வண்டி நிறுத்துமிடத்தின் சிமெண்ட் கட்டையில் அப்பா உட்கார்ந்தார். சட்டைப் பட்டன் ஒன்று மாறிப் போட்டிருந்தது. பிறகு யாரிடமோ சொல்வதுபோல் சொன்னார்.

"கை நடுங்குதும்மா அவருக்கு."

"யாருக்கு?"

"செய்யும்போது நெத்தியில கைய ஊனிப்பாரு. மரத்துப்போறதுக்குச் சொட்டு மருந்துதான, முழிச்சுக்கிட்டுத்தான இருப்போம். மிஷின் ஓடுறப்ப பலகை அதிருமே, அந்த மாதிரி அதிர்ந்துச்சு. செஞ்சு முடிக்கற வரைக்கும்."

"போன தடவயா?"

"போன தடவதான்."

"அது தெரிஞ்சுமா இன்னிக்கு வந்து உக்காந்த?"

"தெய்வம்னு சொல்லியாச்சே. அப்புறம் போயி உங்க கை நடுங்குதுன்னு எப்படிம்மா சொல்றது?"

அவளுக்கு அப்பாவைப் பார்க்கவே பிடிக்கவில்லை. மாறிப் போட்ட பட்டன், கன்னத்தில் காய்ந்த மருந்து, அந்த வெட்கச் சிரிப்பு, எதுவுமே பிடிக்கவில்லை. மகளிடம்கூடச் சொல்லாமல் போன மழைக்காலத்திலிருந்து அந்த நடுக்கத்தை நெற்றியிலேயே வைத்துக்கொண்டு திரிந்திருக்கிறார். அதற்குப்பின் அந்தத் திரை முன்னால் உட்கார்ந்த அத்தனை பேரின் வாயிலும் அவள் தெய்வத்தை ஒட்டியிருக்கிறாள். யார் யாருக்குக் கண் தெரிந்தது என்று இதுவரை கேட்டதில்லை. தன் கையை எங்கேயாவது தேய்த்துக் கழுவ வேண்டும்போல் இருந்தது.

"மேல உக்காந்திருக்காங்களே, அவங்க?" என்றாள்.

"அவங்களுக்கு என்ன?"

"இப்ப அவங்க நெத்தியிலதான கைய வெப்பாரு?"

அப்பா நிமிர்ந்தார். அப்படி ஒரு விஷயம் இருப்பதே அவருக்குத் தோன்றவில்லை என்பது முகத்தில் தெரிந்தது. "நீ போயி சொல்லு. படிச்சவ. உனக்குத்தான் பேச வரும்."

"என் நெத்தியா அதிர்ந்துச்சு?"

"என் பேச்ச யாரு கேப்பா?"

"கேக்கறாங்களோ இல்லையோ. எழுந்திரு."

அவள் கையைப் பிடித்துத் தூக்கவில்லை. அவராகத்தான் எழுந்தார். லிஃப்டில் காவல்காரர் தடுப்பார் என்று படி வழியாக ஏறினார்கள். தெரியாத கண் பக்கம் சுவர், அதை உரசிக்கொண்டே வந்தார்.

வரிசை அப்படியே இருந்தது. அந்தத் துண்டு இப்போது கடைசி ஆள் மடியில் கிடந்தது. நர்சு, "டெய்லர், எங்க போயிட்டீங்க? தியேட்டர்ல தேடறாங்க" என்றாள்.

அப்பா வரிசையைப் பார்த்து நின்றார். கும்பிடத் தூக்கிய கையைப் பாதியில் இறக்கிக்கொண்டார்.

"டாக்டருக்குக் கை நடுங்குதுங்க" என்றார். "எனக்குப் போன தடவ நடுங்குச்சு. ஒரு கண்ணு போயிடுச்சு."

"யாரப் பத்தி என்ன பேசற?" என்றார் ஒரு பெரியவர். "தெய்வத்தப் போயி."

"வேலை போச்சு உனக்கு" என்று நர்சு அவளிடம் மெல்லச் சொன்னாள்.

"இப்பத்தான் அங்க சொன்னாங்க" என்றாள் அவள்.

ஒருத்தர் செருமினார். ஒருத்தர் ஒன்றும் காதில் விழாததுபோல் சொட்டு மருந்துக்கு முகத்தைத் தூக்கிக் கொடுத்தார். ரொட்டிக் கடைக்கார அம்மாள் மட்டும் அப்பாவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"எந்தக் கை?" என்று கேட்டாள்.

"வலது."

"அவரு அறுக்கறது?"

"அதே கைதாம்மா."

அந்த அம்மாள் நெற்றியில் ஒட்டியிருந்த பிளாஸ்திரியின் ஓரத்தை நகத்தால் கிளப்பினாள். புருவ முடி நாலைந்து அதோடு வந்தது. வலியில் முகத்தைச் சுளித்துக்கொண்டே பெஞ்சுக்கு அடியில் செருப்பைத் தேடினாள்.