திரும்பி வந்த கலவை மெஷின்

அக்காவின் கடையில் கட்டட வேலைக்கான மெஷின்கள் வாடகைக்குக் கிடைக்கும். அந்தக் கடைக்கு ஒரு வெப்சைட் செய்ய, என்னென்ன தேவை என்று தம்பி லேப்டாப்பில் எழுதிக்கொண்டிருந்தான். ஒரே ஒரு விஷயத்தில் அக்கா ஒற்றைக்காலில் நின்றாள்.

"திரும்பி வந்த மெஷினை மறுநாள் யாராலும் புக் பண்ண முடியக்கூடாது. எழுதுடா."

"சும்மா கிடக்கிறதை எதுக்குக்கா பூட்டி வைக்கணும்? வந்ததும் அடுத்த ஆளுக்குக் கொடுத்துடலாம்."

இவனிடம் பேசி மாளாது என்று அக்காவுக்குத் தெரியும். முந்தின நாள் சாயங்காலம் திரும்பி வந்திருந்த கான்கிரீட் கலவை மெஷினிடம் அழைத்துப் போய், சுத்தியலையும் உளியையும் அவன் கையில் திணித்தாள். உள்ளே சிமென்ட் கல்லாய் இறுகிக் கிடந்தது.

"அடுத்த ஆளுக்குக் கொடுக்கிற மாதிரி ஆக்கிட்டு வா. அப்புறம் நீ சொல்றபடியே எழுதிக்கலாம்."

மத்தியானம், தலையெல்லாம் சிமென்ட் தூசியோடு தம்பி வந்தான். பாதிகூடப் பெயரவில்லை. லேப்டாப்பைத் திறந்தான்.

"ஒரு நாள் போதுமாக்கா? ரெண்டு நாளாப் போட்டுடட்டுமா?"

"ஒரு நாளே போடு," என்று உளியை வாங்கிக்கொண்டாள் அக்கா. "மிச்சத்தை நான் சாயங்காலத்துக்குள்ள முடிச்சுடுவேன்."