மூன்று வாளித் தண்ணீர்

என் மனைவி கிளேர் புதன்கிழமை மாலை இறந்தாள். வயது முப்பத்திரண்டு. வியாழன் காலை ஒன்பது மணிக்கு மெல்பர்னில் எங்கள் யூத அடக்கச் சங்கத்தின் அலுவலகத்தில் உட்கார்ந்திருந்தேன்.

சங்கச் செயலாளர் மெண்டல் ரைஃப் என் அப்பாவைப் புதைத்தவர். என்னைப் பற்றி அவருக்குச் சந்தேகம் கிடையாது. நான் வருடத்துக்கு ஒரு முறைதான் ஜெபாலயத்துக்குப் போவேன். பன்றி இறைச்சி சாப்பிடுவேன். அதெல்லாம் பரவாயில்லை. பிறப்பு பிறப்புதான். கேள்வி கிளேரைப் பற்றியது.

கல்யாணம் எங்கே நடந்தது என்று கேட்டார். பதிவு அலுவலகத்தில் என்றேன். அவளுடைய அம்மா பெயர் கேட்டார். மார்கரெட் பிரிட்சர்ட் என்றேன். அது யூதப் பெயர் இல்லை. பேனாவை மூடி வைத்தார்.

எனக்குத் தெரிந்ததைச் சொன்னேன். மார்கரெட் ஹங்கேரியில் பிறந்தவர். அப்போது பெயர் மார்கித் பிரவுன். 1949-இல் பதினோரு வயதில் பெற்றோருடன் கப்பலேறி வந்தார். ஒரு கப்பலில் இத்தனை யூதர்களுக்கு மேல் ஏற்றக்கூடாது என்று அந்நாளில் ஓர் அளவு இருந்தது. மார்கரெட்டின் அப்பா படிவத்தில் கத்தோலிக்கர் என்று எழுதினார். இடம் கிடைத்தது. இறங்கிய பிறகு அதைத் திருத்தவில்லை. மகளைக் கன்னியாஸ்திரீகளின் பள்ளியில் சேர்த்தார். மார்கரெட் பின்னால் ஆங்கிலிகன் சபைக்காரரான ரோனால்டைக் கல்யாணம் செய்துகொண்டார். சபையில் ஞாயிற்றுக்கிழமைப் பூ வைப்பவர்கள் பட்டியலில் முப்பது வருடமாக மார்கரெட்டின் பெயர் இருக்கிறது. ரோனால்டுக்கு ஒன்றும் தெரியாது. கிளேருக்கு மட்டும், அவள் என்னைக் கட்டிக்கொள்ளப்போவதாகச் சொன்ன அன்று, சமையலறையில் வைத்துச் சொன்னார்.

கிளேர் அதைச் சும்மா விடவில்லை. வெள்ளிக்கிழமை மாலைகளில் விளக்கு ஏற்றினாள். நான் மறந்துபோன ஜெபங்களைப் புத்தகம் பார்த்துப் படித்தாள். ஆஸ்பத்திரியில் கடைசி வாரம் ஒன்றே ஒன்று கேட்டாள்.

"என்னை என் ஆளுங்களோட வை, எமில்."

சரி என்று சொல்லியிருந்தேன்.

ரைஃப் கண்களைத் தேய்த்துக்கொண்டார். தாய் யூதர் என்றால்தான் பிள்ளை யூதர். அதற்கு ஒரு காகிதமாவது வேண்டும். மார்கரெட்டின் பெற்றோருடைய கல்யாண ஒப்பந்தம் இருக்கிறதா? இல்லை. ஹங்கேரியிலிருந்து ஏதாவது கடிதம்? இல்லை. அவர்களை எங்கே புதைத்தார்கள்? கத்தோலிக்கப் பகுதியில், சிலுவைக்கு அடியில்.

"சிலுவை எதுக்கு?"

"அக்கம்பக்கத்துக்காக."

"நம்ம ஆளுங்கதான் தம்பி, சந்தேகமே இல்ல," என்றார். "ஆனா அந்தச் சிலுவையைக் கொண்டுபோய் ரபிங்ககிட்ட சாட்சின்னு காட்ட முடியாதே."

மார்கரெட் நேரில் வந்து யூத மதகுருக்களான மூன்று ரபிகளின் முன் சொன்னால் பார்க்கலாம் என்றார். வெள்ளி காலை பத்து மணி. பன்னிரண்டுக்குள் முடிவானால் அன்று பொழுது சாய்ந்ததும் தொடங்கும் ஓய்வுநாளுக்குமுன் புதைத்துவிடலாம். ஜூன் மாதம், ஐந்து மணிக்கெல்லாம் இருட்டிவிடும்.

மார்கரெட்டின் வீட்டுக்குப் போனேன். துக்கத்துக்கு வருகிறவர்களுக்காகக் கேக் செய்துகொண்டிருந்தார். ஒன்று ஏற்கெனவே அடுப்பில் வெந்துகொண்டிருந்தது. ஒவ்வொரு முட்டையாகக் கண்ணாடி டம்ளரில் உடைத்து, வெளிச்சத்தில் பார்த்து, பிறகு மாவில் ஊற்றினார். கிளேரும் அப்படித்தான் செய்வாள். ஏன் என்று கேட்டேன்.

"ரத்தப் பொட்டு இருந்தா கொட்டிடணும். எங்க அம்மா செய்வாங்க. காரணம் கேட்டதில்ல."

வந்த விஷயத்தைச் சொன்னேன். அவர் மிச்சமிருந்த இரண்டு முட்டைகளையும் உடைத்துப் பார்த்தார். கையைத் துடைத்துக்கொண்டு தோட்டத்துக்குப் போனார். ரோனால்ட் அங்கே ரோஜாக்களைக் கத்தரித்துக்கொண்டிருந்தார். ஜன்னல் வழியாகப் பார்த்தேன். மார்கரெட் பேசினார். ரோனால்ட் கத்தரியைக் கீழே வைக்கவில்லை, கத்தரிக்கவும் இல்லை. பிறகு தனியாக உள்ளே வந்து என்னிடம் கேட்டார்.

"முப்பத்தஞ்சு வருஷம். சொல்லியிருந்தா நான் என்ன பண்ணியிருப்பேன்னு அவ நினைச்சா?"

அடுப்பில் கேக் கருகும் வாசனை வந்தது. அதை யாரும் வெளியே எடுக்கவில்லை.

வெள்ளிக்கிழமை மார்கரெட் தன் பெயரை மார்கித் பிரவுன் என்று சொன்னார். ரபிகள் மரியாதையாகவே கேட்டார்கள். ஊரில் எந்த ஜெபாலயம்? நினைவில்லை. பெற்றோருக்கு யார் கல்யாணம் செய்துவைத்தது? தெரியாது. அந்தக் காலத்தில் அவர்களை அறிந்தவர் யாராவது உயிரோடு இருக்கிறார்களா? மார்கரெட் கைப்பையைத் திறந்து, உள்ளே பார்த்து, மூடினார். ஒருவரும் இல்லை. ரத்தப் பொட்டு முட்டையைக் கொட்டிவிடுவதைப் பற்றிச் சொன்னார்; அது யூதர் வழக்கம்தான். மூத்த ரபி கண்ணாடியைக் கழற்றினார். மற்ற இருவரும் மேசையைப் பார்த்தார்கள்.

அரைமணி கழித்து ரைஃப் வந்து சொன்னார். தன்னைப் பற்றித் தானே சொல்வது மட்டும் போதாது. ஹங்கேரிக்கு எழுதிக் கேட்கலாம். பதில் வரச் சில வாரம் ஆகும். கிளேரால் அவ்வளவு நாள் காத்திருக்க முடியாது. இப்போதைக்குப் எல்லா மதத்தவருக்குமான பொதுப்பகுதியில் புதைத்து, காகிதம் வந்தபின் மாற்றலாமா என்று கேட்டேன். புதைத்தவரைத் தோண்டி எடுப்பது வேறொரு பெரிய கேள்வி என்றார்.

மார்கரெட் நடைவழியில் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார்.

"அம்பது வருஷமா நான் யூதர் இல்லைன்னேன், ஒருத்தரும் காகிதம் கேக்கல," என்றார். பிறகு ரைஃபைப் பார்த்து, "அவளை யார் குளிப்பாட்டுவாங்க?" என்றார்.

சங்கத்துப் பெண்கள் சங்கம் ஏற்றவர்களை மட்டுமே குளிப்பாட்டுவார்கள். ரைஃப் தரையைப் பார்த்தார்.

கிளேரை ஒரு சாதாரண அடக்க நிலையத்துக்கு மாற்றினோம். திங்கட்கிழமை பொதுப்பகுதியில் குழி. மார்கரெட் தானே குளிப்பாட்டுவதாகச் சொன்னார். எப்படி என்று அவருக்குத் தெரியாது. எனக்கும் தெரியாது. ரைஃபை அழைத்து, நிலையத்தின் எண்ணைக் கொடுத்தேன். அன்றே நாலரை மணிக்கு நிலையத்தின் நடைவழியில் தொலைபேசி அடித்தது.

"இது சங்கம் பேசல," என்றார் ரைஃப். "என் வீட்டு டெலிபோன் பேசுது. கிட்டல்கிட்ட தர்றேன்."

கிட்டல் அவர் மனைவி. இருபது வருடமாகப் பெண்களைக் குளிப்பாட்டுகிறவர். அவர் சொன்னதை நான் மார்கரெட் இருந்த அறையின் கதவுக்கு இந்தப் பக்கம் நின்று சத்தமாகத் திருப்பிச் சொன்னேன். கணவன் உள்ளே போகக்கூடாது. முதலில் அவளிடம் பெயர் சொல்லி மன்னிப்புக் கேட்க வேண்டும், தாயின் பெயரையும் சேர்த்து. மார்கரெட்டின் குரல் கேட்டது. "கிளேர், மார்கித்தோட பொண்ணு." நகங்களைச் சுத்தம் செய்ய வேண்டும். மோதிரத்தைக் கழற்ற வேண்டும். கழுவும் இடத்தை மட்டும் திறந்து, மற்றதை மூடியே வைக்க வேண்டும். வலது பக்கம், பிறகு இடது. குப்புறப் புரட்டக்கூடாது. அவள்மேல் குறுக்கே எதையும் நீட்டக்கூடாது. மார்கரெட் ஒவ்வொன்றுக்கும் "ஆச்சு" என்றார்.

"இப்ப மூணு வாளி," என்றார் கிட்டல். "தலையிலேர்ந்து கால் வரைக்கும். ஒண்ணு தீர்றதுக்குள்ள அடுத்தது விழ ஆரம்பிக்கணும். நடுவுல தண்ணி நிக்கக்கூடாது. எத்தனை பேர் இருக்கீங்க?"

"அவங்க ஒருத்தர்தான்."

"ஒருத்தரா? நாங்க நாலு பேர் நிப்போம்." பின்னால் ரைஃப் நேரம் சொல்வது கேட்டது. "நான் விளக்கேத்தணும்ப்பா," என்றார் கிட்டல். "மன்னிச்சுக்கோ." வைத்துவிட்டார்.

மணி நாலு ஐம்பது.

"அடுத்தது?" என்றார் மார்கரெட். சொன்னேன்.

"எனக்கு ரெண்டு கைதான் இருக்கு, எமில்."

ரிசீவரை வைத்தேன். கதவைத் திறந்து உள்ளே போனேன். வெளியே போ என்று அவர் சொல்லவில்லை. மூன்று வாளிகளையும் நிரப்பினோம். அவர் ஒன்று, நான் ஒன்று. மூன்றாவது தரையில்.

அவர் தலைமாட்டிலிருந்து ஊற்றினார். அது தீருமுன் என்னுடையதைச் சாய்த்தேன். அவர் காலி வாளியை வைத்துவிட்டு மூன்றாவதைத் தூக்கினார். அறுபது வயது. தரை வழுக்கியது. வாளி அவர் முழங்கால் வரைதான் வந்தது. நான் என் தண்ணீரை மெல்லியதாக்கினேன். இன்னும் மெல்லியதாக்கினேன். அது கிளேரின் கணுக்காலில் சொட்டி முடிந்தது. மூன்றாவது வாளி இடுப்புக்கு வந்து, மேலே வந்து, விழுந்தது. நடுவில் இரண்டு நொடி இருக்கும்.

"நின்னுடுச்சா?" என்றார் மார்கரெட்.

நடைவழிக்கு வந்து ரைஃபின் வீட்டு எண்ணைச் சுற்றினேன். அடித்துக்கொண்டே இருந்தது. விளக்கு ஏற்றியிருப்பார்கள். ஓய்வுநாள் தொடங்கிவிட்டால் நாளை இருட்டும்வரை தொலைபேசியை எடுக்கமாட்டார்கள். நான் ரிசீவரை வைக்கவில்லை.