டெல்வினின் சொந்த சர்வர்

குழித்துறையில் செல்போன் கடை வைத்திருக்கும் டெல்வினுக்கு 'அக்கினிக்கோட்டை' என்றால் உயிர். இணையத்தில் பலரும் சேர்ந்து பூதங்களோடு சண்டை போடும் விளையாட்டு அது. லாபமில்லை என்று கம்பெனி ஒருநாள் விளையாட்டை ஓட்டும் சர்வரை நிறுத்தியதும், சாவு வீட்டுக்காரனைப் போல முகத்தை வைத்துக்கொண்டு அலைந்தான். பிறகு யாரோ இணையத்தில் போட்டிருந்த புரோகிராமை இறக்கி, கடையின் பின்னறையில் கிடந்த பழைய கம்ப்யூட்டரில் தானே ஒரு சர்வரைக் கிளப்பிவிட்டான். வடசேரியில் வேலை பார்க்கும் அக்கா ஸ்மைலின், மஸ்கட்டில் இருக்கும் ஷாஜன் என்று பழைய கூட்டாளிகள் வந்து சேர்ந்தார்கள்.

சர்வர் அவனுடையது, கேட்க ஆளில்லை. தன் வீரனுக்கு மட்டும் மலையைப் பிளக்கும் வாள் ஒன்றைக் கொடுத்துக்கொண்டான். அப்புறம் எந்தப் பூதமும் ஒரே வெட்டுதான். ஸ்மைலின் வில்லில் அம்பு பூட்டுவதற்குள் சண்டை முடிந்திருக்கும்.

“ஏலே, நீ பூதத்த அடிக்கியா, கொசுவ அடிக்கியா?” போனில் கேட்டாள் அவள். “நான் எதுக்கு வரணும்? கை தட்டவா?”

“ஒன்னக் காப்பாத்தத்தானே அக்கா...”

“என்னயக் காப்பாத்தாண்டாம். நான் போய் மீன் வெட்டுதேன். அதுலயாவது ரெண்டு வெட்டு வெட்டலாம்.”

ஒவ்வொருவராக நழுவினார்கள். டெல்வின் மட்டும் ஆளற்ற கோட்டையில் வாளோடு சுற்றினான். கொல்லப் பூதங்கள் ஏராளம், பார்க்கத்தான் யாருமில்லை.

ஞாயிறு ஆராதனை முடிந்து வந்ததும், மனதைக் கல்லாக்கிக்கொண்டு தன் வீரனை அழிக்க உட்கார்ந்தான். கட்டளையை எப்படி அடித்துத் தொலைத்தானோ, அவன் வீரனோடு எல்லாருடைய வீரர்களும் அழிந்துபோனார்கள். நகல் எடுத்து வைக்கும் பழக்கமும் அவனுக்கு இல்லை.

“எனக்க வில்லு எங்கலே?” ஸ்மைலின் போனில் அலறினாள்.

“போச்சுக்கா. எனக்க வாளும் போச்சு.”

“அப்போ நீயும் வெறுங்கையா?”

“ஆமா.”

“அப்பம் வாறேன்.”

சாயங்காலம் எல்லோரும் ஆளுக்கொரு தடிக்கம்போடு தொடக்கக் கிராமத்தில் கூடினார்கள். ஷாஜன் திட்டிக்கொண்டேதான் வந்தான். ஒரு காட்டுப்பன்றி அத்தனை பேரையும் ஊர் முழுக்க விரட்டியது. விழுந்தும் எழுந்தும் ஒருவழியாக அதைச் சாய்த்தபோது, பரிசாக ஒரு ஜோடி கிழிந்த செருப்பு கிடைத்தது.

“கடைசி அடி எனக்க அடியாக்கும், செருப்பு எனக்கு” என்றான் ஷாஜன்.

“போலே! நீ மரத்துமேலயில்லா இருந்த!” என்றாள் ஸ்மைலின்.

சர்வர்காரன் நினைத்திருந்தால் ஆளுக்கொரு ஜோடி உண்டாக்கியிருக்கலாம். ஆனால் டெல்வின், பன்றி முதலில் முட்டியது தன்னைத்தான், ஆகவே செருப்பு தனக்கே என்று தொண்டை கட்டும்வரை வாதாடிக்கொண்டிருந்தான்.