ஆடு சும்மா நின்ற நாலு விநாடி

வஹீதுன்னிசா சென்னீர்குப்பத்தில் ஒரு கார்ட்டூன் ஸ்டுடியோவில் எடிட்டர். பதினொரு வருஷ சர்வீஸ். அவள் அத்தா உஸ்மான் கனிக்குப் பூந்தமல்லியில் மெத்தைக் கடை. மகளுக்கு அங்கே என்னதான் வேலை என்பது மனிதருக்கு இன்றுவரை பிடிபடவில்லை.

"வரையறவன் வரையறான், பேசறவன் பேசறான். நடுவுல நீ இன்னாம்மா பண்ணிகினு கீறே?"

"வெட்டி ஒட்டறேன் அத்தா."

"அதத்தான் நானும் கடையில பண்றேன். என் மெத்தையில ஜனம் படுக்குது. உன்னுது எங்க கீது?"

நியாயமான கேள்விதான். நல்ல எடிட்டிங் யார் கண்ணிலும் படாது. சரி, பெயரையாவது காட்டலாமென்றால், கடைசியில் ஓடும் பெயர்களின்மேல் டிவிக்காரர்கள் சோப்பு விளம்பரத்தைப் போட்டுத் தொலைப்பார்கள். இப்போது முடித்திருந்த ஓர் ஆட்டுக்குட்டிப் படத்தில்தான் முதல்முறையாக முக்கியமானவர்கள் பெயர் ஆரம்பத்திலேயே வருவதாக இருந்தது, ஆளுக்கு மூன்று விநாடி. அவள் வீட்டில் சொன்னாள். அத்தா தெரு முழுக்கச் சொல்லிவிட்டார்.

அனுப்ப வேண்டிய அன்று பார்த்தால் படம் மூன்று விநாடி அதிகம். சேனல் அரை விநாடிகூட ஏற்காது.

"நெமிலிச்சேரி ஸ்டேஷன்ல ஆடு சும்மா நிக்குதே, அதுல கை வைம்மா," என்றார் டைரக்டர் சிவராமன்.

வளர்த்த பெண் ரயிலேறிப் போய்விட்டாள். காலி பிளாட்பாரத்தில் ஆடு நிற்கிறது. அவ்வளவுதான் காட்சி. வரைந்தவர் அதற்கு ஒரு விநாடிதான் கொடுத்திருந்தார். ஒரு வாரம் கூட்டியும் குறைத்தும் பார்த்து, நாலு விநாடியில் தனக்கே தொண்டை அடைத்ததும் நிறுத்தியவள் வஹீதுன்னிசா.

ஆட்டைத் தொடாமல், ஆரம்பத்தில் வரும் தன் பெயரைத் தூக்கினாள்.

"உன் பேரும்மா அது."

"தெரியும் சார். ஆடு நிக்கட்டும்."

ஞாயிற்றுக்கிழமை காலை டிவி முன் கடை ஆட்கள், பக்கத்து வீட்டு ரகுநாதன், ஒரு தட்டு சமோசா. விஷயத்தைச் சொல்ல அவளுக்கு வாய் வரவில்லை. கதை, இசை, இயக்கம் என்று பெயர்கள் வந்தன, போயின. எல்லோரும் அவளைப் பார்த்தார்கள். அவள் சமோசாவைப் பார்த்தாள். அத்தா எதுவும் கேட்காததுதான் ரொம்பக் கூச்சமாக இருந்தது.

ரயில் போனது. ஆடு நின்றது. ஐந்து நிமிஷம் சேர்ந்தாற்போல் டிவி பார்த்தறியாத உஸ்மான் கனி, கடிக்கப்போன சமோசாவைக் கையிலேயே வைத்திருந்தார்.

சோப்பு விளம்பரம் வந்த பிறகுதான் பேசினார். "அந்த ஆடு சும்மா நின்னுச்சே. ஒண்ணுமே நடக்கல, எனக்குத் தொண்ட அடச்சிகிச்சு. அத்த யாரு வரஞ்சது?"

"வரஞ்சவரு ஒரு விநாடிதான் நிக்க வெச்சாரு அத்தா. மிச்சம் நான்."

உஸ்மான் கனி கையிலிருந்த சமோசாவைத் தட்டில் வைத்தார். பிறகு ரகுநாதன் பக்கம் திரும்பினார்.

"அந்த ஆட்ட நிக்க வெச்சது எம்பொண்ணு," என்றார்.