மூன்றாவது நடை

வெளிநாட்டில், கிளென் ஈடனில் மகள் வீட்டில் இருக்கும் வரதராஜனுக்குக் காலில் ஆறாத சர்க்கரைப் புண். வாரத்துக்கு இரண்டு முறை கட்டு மாற்ற வருகிற நர்ஸ் கௌரி. வரதராஜன் திருச்சிக்காரர், இந்திய விமானப்படையில் ஹெலிகாப்டர் மெக்கானிக்காக இருந்தவர். கௌரி யாழ்ப்பாணம், கொக்குவில். நாலு மாதமாக மழையைப் பற்றியும் பேரப்பிள்ளைகளைப் பற்றியும்தான் பேசியிருந்தார்கள்.

ஒரு செவ்வாய்க்கிழமை காலை அவர் கேட்டார்.

"எண்பத்தேழு அக்டோபர்ல நீங்க ஊர்லயா இருந்தீங்க?"

"ஓம். எனக்கு ஒன்பது வயசு."

"நான் பலாலி விமானத்தளத்துல இருந்தேன்."

கௌரி பழைய கட்டை அவிழ்த்துக்கொண்டிருந்தாள். யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் ஹெலிகாப்டரில் படையை இறக்கி, புலிகளின் தலைமையைப் பிடித்துவிட, அமைதிப்படையாக வந்த இந்திய ராணுவம் போட்ட திட்டம் அவளுக்குத் தெரியும். பல்கலைக்கழகம் அவர்கள் வீட்டிலிருந்து கூப்பிடு தூரம்.

"மாத்தி மாத்திப் போய் எல்லாரையும் இறக்கணும்," என்றார். "ரெண்டு நடை போயிட்டு வந்த ஹெலிகாப்டர் ஒண்ணு என் பொறுப்பு. உடம்பெல்லாம் ஓட்டை. இனி பறக்காதுன்னு எழுதிக் கொடுத்தேன். மத்ததும் அடிபட்டிருந்துச்சு. அதோட நிறுத்திட்டாங்க. கீழே சீக்கியப் பசங்க முப்பது பேர் தனியா மாட்டிக்கிட்டாங்க. ஒருத்தன்தான் மிஞ்சினான்."

அவள் புண்ணைத் துடைத்தாள்.

"நான் கையெழுத்துப் போடாம இருந்திருந்தா துணைக்கு ஆள் போயிருக்கும்மா."

"ஐயா, அண்டைக்குப் பின்னேரமே இயக்கப் பெடியள் எங்கட ஒழுங்கைக்கு வந்து சொல்லிப்போட்டாங்கள். ஹெலியில வந்து இறங்கப் போறாங்கள், வீட்டை விட்டுப் போங்கோ எண்டு."

"பொழுதிருக்கும்போதேவா? எங்களுக்கே பொழுது சாஞ்சப்புறம்தான் சொன்னாங்க."

"உங்கட ஆக்கள் வயர்லெஸ்ஸில கதைச்சதைக் கேட்டவங்களாம். மொட்டை மாடியெல்லாம் துவக்கோட சுடக் காத்திருந்த ஆக்கள். நீங்கள் இன்னும் ஆளை அனுப்பியிருந்தா அவையும் செத்திருப்பினம்."

அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "உங்க வீட்டுல எல்லாரும் தப்பிச்சீங்களா?" என்றார்.

"அண்ணா இல்லை. தண்ணி அள்ளப் போன இடத்தில இந்தியன் ஆமியின்ர ஷெல் விழுந்தது. சண்டை தொடங்கி அஞ்சாம் நாள்."

மொட்டை மாடிகளைப் பற்றிச் சொல்லி அவரை ஆறுதல்படுத்த அவள் நினைக்கவில்லை. நடந்ததைச் சொன்னாள், அவ்வளவுதான். ஆனால் நெஞ்சுக்குள் பழைய கோபம் எழும்பியிருந்தது. கட்டை இறுக்கிவிட்டோமோ என்று ஒருமுறை தொட்டுப் பார்த்தாள்.

"உங்களுக்குக் கஷ்டமா இருந்தா வேற நர்ஸை அனுப்பச் சொல்றேன்," என்றார் அவர்.

கௌரி பையை மூடினாள். "யோசிச்சுச் சொல்லுறன்."

வெள்ளிக்கிழமை அவளே போனாள். கதவைத் திறந்த மகள் தாரிணியின் கண் சிவந்திருந்தது. "அப்பா எல்லாத்தையும் சொன்னார். இதுவரைக்கும் யார்கிட்டயும் இதைச் சொன்னதில்ல," என்றாள்.

உள்ளே வரதராஜன் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"அண்ணன் பேரு என்னம்மா?"

"யசீகரன். இருபத்தொரு வயசு."

அவர் அந்தப் பெயரை ஒருமுறை சொல்லிப் பார்த்தார். கௌரி கையுறையை மாட்டிக்கொண்டு, அண்ணாவைப் பற்றிச் சொல்லத் தொடங்கினாள்.