தார்ன்ஸ்டனில் வாழ்ந்தவர்கள்

ஹெஸ்டர் ரெய்ஸ்ட்ரிக் அச்சுப்படியை எடுத்துக்கொண்டு நூலக மாடிக்கு வந்த அன்று நல்ல மழை. சொட்டும் குடையை மடக்காமலேயே உள்ளே வந்துவிட்டார்.

நாங்கள் சிலர் சேர்ந்து எங்கள் ஊரான தார்ன்ஸ்டனில் வாழ்ந்த குடும்பங்களைப் பற்றி ஒரு புத்தகம் தயாரித்துக்கொண்டிருந்தோம். தேவாலயப் பதிவேடு தொடங்கிய காலம் முதல் வீட்டுக்கு வீடு நாலைந்து வரி. பள்ளி ஆசிரியராக இருந்து ஓய்வுபெற்ற லெனர்ட் சக்டன்தான் தலைமை. ஒவ்வொரு குடும்பப் பெயரும் எந்தப் பழஞ்சொல்லிலிருந்து வந்தது என்று எழுதுவதில் அவருக்குத் தனி ஆசை. தட்டச்சு என் வேலை. அச்சுக்குப் போகும் முன் அந்தந்த வீட்டுக்கே ஒரு படி அனுப்பிச் சரிபார்க்கச் சொல்லியிருந்தோம்.

"இதுல தப்பு இருக்கு, மிஸ்டர் சக்டன்," என்றார் ஹெஸ்டர்.

"எங்க? உங்க வீட்டுக்காரர் ரயில்வே சிக்னல்ல இருந்தவர்தானே?"

"அது சரிதான். கடைசி வரியைப் பாருங்க."

கடைசி வரி, 'பிள்ளைகள் இல்லை' என்பது. நான்தான் அடித்திருந்தேன்.

"எனக்கு ஒரு பொண்ணு இருந்தாளே," என்றார் ஹெஸ்டர்.

லெனர்ட் கண்ணாடியைக் கழற்றினார். ஹெஸ்டரோடு தேவாலயத்தில் ஒரே வரிசையில் உட்கார்ந்து பாடுகிறவள் நான். எனக்கே அது தெரியாது.

ஹெஸ்டருக்குக் கல்யாணமான இரண்டாம் குளிர்காலத்தில், எங்கள் ஊர் ஆஸ்பத்திரியில் நடந்தது அது. குழந்தை அழவே இல்லை. "நர்ஸ் துண்டுல சுத்தி எடுத்துட்டுப் போய்ட்டா. ஒரு குதிகால் மட்டும் வெளிய தெரிஞ்சுது. 'பொண்ணுதான்மா, மறந்துடு, அடுத்தது நல்லபடியா பொறக்கும்'னு சொன்னா. அடுத்தது பொறக்கவே இல்ல." மற்றதையெல்லாம் கணவர் ஹெரால்ட் பார்த்துக்கொண்டாராம். எங்கே புதைத்தார்கள் என்று கேட்கும்போதெல்லாம் அவர் எழுந்து தோட்டத்துக்குப் போய்விடுவார். கடைசிவரை சொல்லாமலேயே இறந்துபோனார்.

லெனர்ட் மெதுவாகச் சொன்னார். "இறந்து பொறந்த குழந்தைங்களுக்குத் தனிப் பதிவேடு, ஹெஸ்டர். பொறந்தவங்க கணக்குலயும் வராது, செத்தவங்க கணக்குலயும் வராது. இந்தப் புத்தகம் வாழ்ந்தவங்களுக்கு..."

"என் வயித்துல வாழலையா அவ?"

என்ன சொல்வதென்று தெரியாதபோது லெனர்ட் சொற்களைப் பற்றிப் பேச ஆரம்பித்துவிடுவார். அன்றும் அதுதான் நடந்தது. "நம்ம பக்கத்துல குழந்தைய 'பேர்ன்'னு சொல்றோம் இல்லையா? ஆயிரம் வருஷத்துக்கு மேலான சொல் அது. சுமக்கப்பட்டதுன்னு அர்த்தம். அவ்வளவுதான். உயிரோட பொறந்திருக்கணும்னு அதுல எங்கயும் இல்ல." சொல்லிவிட்டு, தன் பேச்சு தன் காதிலேயே விழுந்ததுபோல நிறுத்தினார். "நான் குழுவுல பேசுறேன்," என்றார்.

பேசவும் செய்தார். பேர்ன் கதையை மறுபடி சொன்னார். இரும்புக்கடை பெர்சி டன்னக் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, "அர்த்தம் பார்த்துச் சேர்க்கிறதா இருந்தா என் நாயையும் சேர்த்துடுங்க லென். அதுவாவது குரைச்சு இந்த ஊரை எழுப்புச்சு," என்றார். இரண்டு பேர் சிரித்தார்கள்.

"வாயை மூடு, பெர்சி," என்றார் லெனர்ட். அவர் குரலை உயர்த்தி நான் கேட்டது அந்த ஒரு தடவைதான்.

சேர்க்கலாம் என்பவர்களைக் கை தூக்கச் சொன்னபோது லெனர்டும் நானும் மட்டும் தூக்கினோம். 'பிள்ளைகள் இல்லை' என்ற வரியை வேண்டுமானால் எடுத்துவிடலாம் என்றார்கள். அது அவர்கள் காட்டிய இரக்கம்.

இதை ஹெஸ்டரிடம் சொல்லப் போனோம். அவர் கோபப்படவில்லை. "எங்க இருக்கான்னாவது கண்டுபிடிச்சுக் குடுப்பீங்களா?" என்று கேட்டார்.

சவப்பெட்டிக் கடையை அப்பாவுக்குப் பிறகு நடத்தி வந்த கிளெம் ஆடி என்பவருக்கு அந்த நாட்கள் நினைவிருந்தன. ஹெஸ்டரின் முகத்தைப் பார்க்காமல் பேசினார். "அப்பல்லாம் தனிக் குழி தோண்ட மாட்டாங்கம்மா. அந்த வாரம் பெரியவங்க யாரு போனாங்களோ அவங்க பெட்டியில, கால்மாட்டுல வச்சிடுவாங்க. அந்த வீட்டுக்காரங்ககிட்டச் சொல்றது வழக்கமில்ல. தனியாப் போகலையேன்னு அப்பா சொல்வாரு."

பதிவேட்டைப் பார்த்தோம். அந்த வாரம் ஊரில் அடக்கமானவர் ஒரே ஒருவர்தான்: தானிய வியாபாரி ஜோசையா மெட்காஃப்.

"அந்த ஆளா?" என்றார் ஹெஸ்டர். "தோட்டத்துப் பக்கம் பிள்ளைங்க போனா நாயை அவுத்து விடுவாரே!" பிறகு கோட்டுப் பொத்தானைப் போட்டுக்கொண்டே, "குளிருக்குப் பக்கத்துல ஒரு ஆள் இருந்துச்சேன்னு நெனச்சுக்கறேன்," என்றார்.

மெட்காஃபின் மகள் ஆட்ரி கல்யாணம் செய்துகொள்ளாதவர். அதே பெரிய வீட்டில் தனியாக இருந்தார். மூன்று பேரும் போனோம். தேநீரும் சீமைச் சீரகம் போட்ட கேக்கும் வைத்தார். ஹெஸ்டர் விஷயத்தைச் சொல்லிவிட்டு, கல்லறைக் கல்லின் அடிப்பகுதியில் சின்ன எழுத்தில் ஒரே ஒரு வரி, 'ஒரு பெண் குழந்தையும்' என்று, போட்டுக்கொள்ளலாமா என்று கேட்டார்.

ஆட்ரியின் கழுத்தெல்லாம் சிவந்துவிட்டது. "எங்களுக்குத் தெரியாம எங்க அப்பா பெட்டியில ஒரு பிணத்தை வச்சிருக்காங்க. நீங்க வந்து கல்லுல இடம் கேக்கறீங்களா?"

"பிணம் இல்ல, மிஸ் மெட்காஃப். என் பொண்ணு."

"உங்க மேல எனக்குக் கோபம் இல்ல. இந்த ஊரு எப்படிப்பட்டதுன்னு உங்களுக்குத் தெரியாதா? பேர் இல்லாத ஒரு குழந்தை அவர் கல்லுல இருந்தா, அது அவரோடதுன்னுதான் பேசுவாங்க. அம்மாவும் அதே குழியிலதான் படுத்திருக்காங்க. அவங்க தலைக்கு மேல அதை எழுதச் சொல்றீங்களா?"

"ஊருக்கு நாங்க எடுத்துச் சொல்றோம்," என்றார் லெனர்ட்.

"நீங்க சொன்னா இன்னும் நல்லாப் பேசுவாங்க."

அது உண்மைதான் என்று மூன்று பேருக்கும் தெரியும். கேக்கைத் தொடாமல் எழுந்து வந்தோம்.

அதன்பின் ஹெஸ்டர் ஞாயிறுதோறும் கல்லறைக்குப் போய் வீட்டுத் தோட்டத்துப் பூக்கள் கொஞ்சம் வைத்துவிட்டு வந்தார். அடுத்த ஞாயிறு போகும்போது பூ இருக்காது. ஒருநாள் கல்லறைத் தோட்டக் காவல்காரர் வாசலிலேயே தொப்பியைக் கழற்றிக்கொண்டு நின்றார். "புகார் வந்திருக்கு, மிஸஸ் ரெய்ஸ்ட்ரிக். குழி அவங்களுக்குச் சொந்தம். வேணாம்னு அவங்க சொன்னா நான் என்னம்மா பண்ணுவேன்?"

"நீங்க ஒண்ணும் பண்ண முடியாது," என்று சொல்லிவிட்டு, கையிலிருந்த பூவை அவரிடமே கொடுத்துவிட்டுத் திரும்பினார். மறுபடி அங்கே போகவில்லை.

லெனர்ட் அப்போது புத்தகத்தின் முன்னுரையை எழுதிக்கொண்டிருந்தார். எங்கள் ஊர்ப்பெயர் முள்வேலி போட்ட இடத்தைக் குறித்த பழஞ்சொல் என்று ஒரு பக்கம் நிறைய எழுதி வைத்திருந்தார். அதைத் தட்டச்சு செய்ய நான் கேட்டபோது, "வேணாம் மேவிஸ், வேலியைப் பத்தி எழுத எனக்குப் பிடிக்கல," என்று கிழித்துவிட்டார். முன்னுரை இல்லாமலேயே புத்தகம் வந்தது.

நகர மண்டபத்தில் வெளியீட்டு விழா. பெர்சி உரையாற்றினார், எல்லோரும் கை தட்டினார்கள். லெனர்ட் உடம்பு சரியில்லை என்று வரவில்லை. ஹெஸ்டர் நல்ல கோட்டைப் போட்டுக்கொண்டு வந்து கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தார். மெட்காஃப் குடும்பத்துக்கு மட்டும் ஒரு முழுப் பக்கம். எதிர்ப்பக்கத்தில் கல்லறையின் படம். ஹெஸ்டர் அந்தப் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். என்னைக் கிட்டே கூப்பிட்டு, "இதை எடுத்தப்ப மழை பெஞ்சுதா?" என்று கேட்டார்.

"ஞாபகம் இல்லையே, ஹெஸ்டர். ஏன்?"

"புல்லு ஈரமா இருக்கு."

ஈஸ்டருக்கு முன்னால் அவர் வீட்டுக்குப் போனேன். இளைத்திருந்தார். கேட்டதற்கு மட்டும் பதில் சொன்னார். தேநீர் போடுகிறேன் என்று போனவர் அடுப்பைப் பற்றவைக்க மறந்து சன்னலோரம் நின்றுவிட்டார். கணப்படுப்பின் மேல்தட்டில், அவர்கள் கல்யாணப் படத்துக்குப் பக்கத்தில், சட்டம் போட்ட சின்னப் படம் ஒன்று இருந்தது. புத்தகத்திலிருந்து கத்தரித்த அந்தக் கல்லறைப் படம்தான். பெயரும் கல்லும் தெரியாதபடி மேல்பாதியைப் பின்னால் மடித்துவிட்டிருந்தார். கண்ணாடிக்குள் புல் மட்டும் தெரிந்தது.

"யாராவது கேட்டா என்ன சொல்வீங்க?" என்றேன்.

"யாரு வர்றாங்க கேக்க," என்றார் ஹெஸ்டர்.