கண்ணாடிக்கு அந்தப் பக்கம்

தம்பி எனக்குத் தர வேண்டியது முப்பத்தெட்டாயிரத்து நானூறு. பழைய குட்டி லாரி ஒன்றில் பங்கு போட அவன் கேட்டது முப்பத்தெட்டாயிரம்தான். அதை வாங்கிக்கொண்டு தெருமுனை வரை போனவன் திரும்பி வந்து, டீசல் போட ஏதாவது இருக்கிறதா என்று வாசலில் நின்றான். சட்டைப்பையில் கிடந்ததையும் வழித்துக் கொடுத்தேன். லாரி இரண்டு மழைக்காலம்கூடத் தாங்கவில்லை. கூட்டாளி அதைப் பழைய இரும்புக்குப் போட்டுவிட்டுக் கண்காணாமல் போனான். தம்பி மறுபடியும் கிடங்கில் என்னோடு கண்ணாடி தூக்க வந்துவிட்டான். முப்பத்தெட்டாயிரத்தை மறந்துவிடலாம் போலத் தோன்றும் நாட்களில்கூட அந்த நானூறு மட்டும் தொண்டையில் நிற்கும்.

நான் கேட்கவில்லை. என் வீட்டுக்காரி அவன் வீட்டுக்காரியிடம் கேட்டாள். அவள் போய் அவனிடம் சொன்னாள். அவன் என்னிடம் வந்து, ஆம்பளையாக இருந்தால் நீயல்லவா கேட்டிருக்க வேண்டும் என்றான். ஆம்பளையாக இருந்தால் நீ கொடுத்திருக்க வேண்டும் என்றேன் நான். அதோடு பேச்சு அறுந்தது.

ஆனால் எங்கள் வேலையில் வாயை மூடிக்கொண்டு இருக்க முடியாது. ஆளுயரத்துக்கும் மேலான கண்ணாடியை இரண்டு பேர் ஆளுக்கொரு முனையில் பிடித்துக்கொண்டு நடக்கும்போது, முன்னால் போகிறவன் படியையும் பள்ளத்தையும் சொல்ல வேண்டும். பின்னால் வருகிறவன் திருப்பத்தில் இடம் இருக்கிறதா என்று பார்த்துச் சொல்ல வேண்டும். படி, மெல்ல, வளை, நில்லு, இறக்கு. ஒரு வருஷமாக எங்கள் அண்ணன் தம்பி உறவு இந்தச் சொற்களில்தான் ஓடிக்கொண்டிருந்தது. முறை சொல்லி மட்டும் கூப்பிட மாட்டான். படி என்பான். படி அண்ணே என்று சொல்ல மாட்டான். அந்த ஒரு சொல் விடுபட்ட இடத்தில் கால் வைக்கும்போதெல்லாம் படி கொஞ்சம் ஆழமாக இருப்பதுபோல இருக்கும்.

எங்களை ஒரே விளையாட்டில் கொண்டுபோய் மாட்டிவிட்டவள் அளவக்கா. கிடங்கில் வெட்டு மேசை அவளுடையது. அளவெடுத்துக் கீறி, கட்டைவிரலால் ஒரு தட்டுத் தட்டினால் கண்ணாடி சொன்ன பேச்சைக் கேட்டுப் பிரியும். வயதில் என்னைவிடச் சின்னவள், ஆனாலும் எல்லோருக்கும் அவள் அக்காதான். அவள் புருஷன் கிடங்கு லாரியின் டிரைவர். அவர்கள் இருவரும் தம்பியும் மத்தியான ஓய்வில் செல்போனில் சண்டை விளையாட்டு விளையாடுவார்கள். ஒரு தீவு. நூறு பேர் விமானத்திலிருந்து குதிக்க வேண்டும். அங்கங்கே கிடக்கும் ஆயுதங்களைப் பொறுக்கிக்கொண்டு, கடைசியாக உயிரோடு நிற்கும் அணிதான் ஜெயிக்கும். அணிக்கு நான்கு பேர். நாலாவது ஆளாகத் தானாக வந்து சேரும் முகம் தெரியாத பயல்கள் வாயைத் திறந்தாலே காது கூசுகிறது, அதற்கு நீங்கள் வந்து சும்மா நின்றால்கூடப் போதும் அண்ணே என்று அளவக்கா என்னை இழுத்தாள். நாற்பதுக்கு மேல்தான் நான் எழுத்துக் கூட்டவே கற்றேன். அந்த விரல்களுக்கு இது என்ன வரும் என்று நினைத்தேன். தம்பி வேண்டாம் என்று சொல்வான் என்றும் எதிர்பார்த்தேன். அவன் தடுக்கவில்லை. நானும் சேர்ந்துவிட்டேன்.

மத்தியான வெயில் கூரைத் தகட்டின் இடைவெளியில் இறங்கி, சாய்த்து வைத்த கண்ணாடிகளின் விளிம்பில் பட்டால் கிடங்கு முழுக்கப் பச்சை வெளிச்சம் அலை அலையாக ஆடும். குளத்துக்கு அடியில் படுத்திருப்பதுபோல இருக்கும். சாக்கை விரித்து நான் ஒரு பக்கம். அடுக்கு அடுக்காக நிற்கும் கண்ணாடிகளுக்கு அந்தப் பக்கம் தம்பி. எத்தனையோ கண்ணாடிகளுக்கு அப்பால் அவன் பச்சையாக, மங்கலாக, வளைந்து தெரிவான். அளவக்கா மேசைக்கு அடியில் காலை நீட்டிக்கொள்வாள். டிரைவர் வெளியே வண்டியிலேயே இருப்பார். காதில் ஒயரை மாட்டிக்கொண்டதும் உடம்பு வலி எங்கோ பின்தங்கிவிடும். விமானம் இரையும். குதித்து விழும்போது கீழே கடல், புல்வெளி, ஆளில்லாத வீடுகள் எல்லாம் மெதுவாகப் பெரிதாகும். வேலையில் எத்தனையோ வீடுகளுக்குக் கண்ணாடி கொண்டுபோய் மாட்டியிருக்கிறேன், ஒரு வீட்டிலும் உட்கார்ந்ததில்லை. இங்கே எந்த வீட்டுக்குள்ளும் நேராகப் போகலாம். மாடியில் நின்று ஜன்னல் வழியாக மழையைப் பார்க்கலாம். ஆரம்பத்தில் நான் அதைத்தான் செய்துகொண்டிருந்தேன். ஜன்னலில் நின்றால் தலையை எடுத்துவிடுவார்கள் என்று அளவக்கா கத்திக் கத்தி அலுத்துப்போனாள்.

ஜெயிக்கிற வழி என்று அவள் சில விஷயங்கள் வைத்திருந்தாள். எல்லோரும் விழுகிற பெரிய ஊரில் விழக் கூடாது, ஓரத்துக் குடிசைகளில் இறங்கி இருப்பதைப் பொறுக்கிக்கொள்ள வேண்டும். தீவைச் சுற்றி ஒரு நீலச் சுவர் இருக்கிறது. அது கொஞ்சம் கொஞ்சமாகச் சுருங்கும், சுவருக்கு வெளியே மாட்டிக்கொண்டவன் உயிர் கரைந்துபோவான். ஆகவே சுவர் முதுகைத் தொடுகிற மாதிரி அதன் கூடவே உள்ளே நகர வேண்டும். அப்போது பின்னாலிருந்து எவனும் வர முடியாது. இரண்டு அணிகள் அடித்துக்கொண்டால் நடுவில் போகக் கூடாது. ஓய்ந்த பிறகு போனால் மிஞ்சியவன் பாதி உயிரோடு இருப்பான். ஜன்னலை உடைத்துக் குதிக்கக் கூடாது, சத்தம் ஆளைக் காட்டிக் கொடுத்துவிடும். இது ஒன்றில் மட்டும் நான் முதல் நாளிலேயே தேறிவிட்டேன். திரை நிழலில்கூட எனக்குக் கண்ணாடியை உடைக்கக் கை வராது. கதவைத் திறந்து வெளியே வந்து, சாத்திவிட்டும் போவேன். திறந்த வீட்டைச் சாத்திவிட்டுப் போகிற கொலைகாரனை இங்கேதான் பார்க்கிறேன் என்று டிரைவர் சிரிப்பார்.

தம்பிக்கு இந்த வழியெல்லாம் ஆகாது. துப்பாக்கிச் சத்தம் எங்கே கேட்கிறதோ அங்கே ஓடுவான். லாரி வாங்கியதும் அப்படித்தான். ஓடி, இரண்டு பேரைச் சாய்த்து, மூன்றாமவனிடம் விழுவான். விழுந்தவன் உடனே சாக மாட்டான், தவழ்ந்துகொண்டு இருப்பான். கூட இருப்பவன் பக்கத்தில் போய்க் குனிந்து கொஞ்ச நேரம் பிடித்துக்கொண்டால் எழுந்துவிடுவான். என்னால் அது முடியவில்லை. அவன் சாய்ந்ததும் என் இரண்டு கட்டைவிரல்களும் தாமாகத் திரையை விட்டு எழுந்துவிடும். உடம்பே ஒரு அடி பின்னால் போகும். கண்ணாடி தூக்குகிறவனுக்கு முதலில் சொல்லிக் கொடுப்பது அதைத்தான். சரிந்தால் பிடிக்காதே, கையை எடு, விலகு. பிடிக்கப் போனவர்களின் விரல்களை நான் பார்த்திருக்கிறேன். அந்தப் பாடம் எலும்பில் ஏறிவிட்டது. ஒவ்வொரு ஆட்டத்திலும் தம்பி எனக்கு எதிரிலேயே தவழ்ந்து தவழ்ந்து செத்தான். அவன் ஒரு வார்த்தை திட்டவில்லை. திட்டியிருந்தால்கூடத் தேவலை. டிரைவர்தான், இந்த அண்ணன் கூட இருக்கும்போது எதிரி எதற்கு என்பார்.

அளவக்கா ஒரு நாள் என் பக்கம் வந்து குந்தினாள். "கண்ணாடின்னு நினைச்சுக்கறீங்க, அதான். இது உடையாதுண்ணே. பக்கத்துல போனா எழுந்துக்கும்" என்றாள். சரி என்று தலையாட்டினேன். மறுநாளும் விரல்கள் எழுந்துவிட்டன.

அந்த வாரம்தான் கணக்குப்பிள்ளை சொன்னார், தம்பி கணக்கை முடிக்கச் சொல்லிவிட்டானாம். தூரத்தில், நடுவில் ஒரு ராத்திரி தூங்கிப் போக வேண்டிய ஊரில், பெரிய கட்டடங்களுக்குக் கண்ணாடி மாட்டுகிற வேலை கிடைத்திருக்கிறது. சனிக்கிழமை சாயங்காலம் கிடங்கு லாரியிலேயே கிளம்புகிறான். குடும்பம் பிறகு போகுமாம். என்னிடம் சொல்லவில்லை. சொல்ல எங்களுக்குள் சொல் ஏது? போனால் ஒரேயடியாகப் போய்விடுவான் என்று எனக்குத் தெரியும். படி, மெல்ல என்பதைத் தொலைபேசியில் கூப்பிட்டா சொல்ல முடியும்? வீட்டுக்காரி, பணத்தைக் கேட்டு வாங்கு, இப்போது விட்டால் எப்போது என்றாள். சனிக்கிழமை காலையிலிருந்து அவனோடு பதினோரு கண்ணாடி ஏற்றினேன். ஒவ்வொன்றிலும் ஏதோ சொல்ல வாயெடுத்து, மெல்ல என்றே சொன்னேன்.

மத்தியானம், கடைசியாக ஒன்று ஆடலாம் என்றாள் அளவக்கா.

நல்ல மழை பெய்யும் தீவு வந்தது. ஓரத்தில் இறங்கினோம். நீலச் சுவரை முதுகில் வாங்கிக்கொண்டே நகர்ந்தோம். தம்பிகூட அன்று ஓடவில்லை, அவனும் மெல்ல நடந்தான். நான்கு பேரும் புல்லில் வரிசையாகப் போவது, யாருக்கோ வேலைக்குப் போவதுபோல இருந்தது. நூறு பேர் ஐம்பதானார்கள், பிறகு பத்துக்குள் வந்தார்கள். ஒரு பாலத்தில் டிரைவர் விழுந்தார். அவரை எழுப்பப் போய் அளவக்காவும் அவரோடு செத்தாள். இறந்தவர்கள் ஆட முடியாது, இருப்பவர்களின் கண் வழியாகப் பார்த்துக்கொண்டிருக்கலாம். அவர்கள் இருவரும் என் கண்ணுக்குள் வந்து உட்கார்ந்துகொண்டார்கள்.

நான் ஒரு கல் வீட்டுக்குள் இருந்தேன். நீலச் சுவரின் வட்டம் அந்த வீட்டை நடுவில் வைத்துச் சுருங்கிக்கொண்டிருந்தது. அதைவிடப் பாதுகாப்பான இடம் தீவில் இல்லை. வெளியே எதிரிகள் இரண்டு பேர்தான் மிச்சம். அப்போது சரிவிலிருந்து ஒரு வெடி. தம்பி புல்லில் சாய்ந்தான். என் விரல்கள் எழுந்தன.

டிரைவர் ஒயர் வழியாக என் காதில் மெதுவாகச் சொன்னார். "நகராதீங்கண்ணே. அவனை முடிக்க யாராவது வருவான், வர்றவனை அடிங்க. இங்கேயே நின்னா ஜெயிச்சோம்."

அவர் சொன்னது சரியான வழிதான். நான் கண்ணாடிகளின் ஊடாகப் பார்த்தேன். அந்தப் பக்கம் பச்சை வெளிச்சத்தில் தம்பி தலையைக் குனிந்து உட்கார்ந்திருந்தான். திரையில் அவன் என்னை நோக்கித் தவழவில்லை. எனக்கு எதிர்த் திசையில், சுவரைப் பார்த்துத் தவழ்ந்துகொண்டிருந்தான். நான் வர மாட்டேன் என்பது அவனுக்கு அத்தனை நிச்சயம்.

விரல்களைத் திரையில் வைத்தேன். ஒரு கையால் மறு கையை அழுத்துவதுபோல இருந்தது. பையில் புகைக்குண்டு ஒன்று இருந்தது, எறிந்தேன். புல்வெளியில் புகை வெள்ளையாக எழுந்து பரவியது. கதவைத் திறந்து வெளியே வந்தேன். சாத்தவில்லை. புகைக்குள் வானமும் இல்லை, தரையும் இல்லை. என் கால்சத்தம் மட்டும் கேட்டது. சுவரின் இரைச்சல் கடல்போல எங்கோ பக்கத்தில் வந்துகொண்டிருந்தது. நெடுநேரம் நடந்தேன் என்று நினைக்கிறேன், அதிகம் போனால் நாலைந்து விநாடிதான் இருக்கும். அவன் முதுகு தெரிந்தது. குனிந்து பிடித்துக்கொண்டேன்.

"போயிருண்ணே" என்றான் தம்பி. "வட்டம் வருது."

அந்தக் குரல் இரண்டு தடவை வந்தது. முதலில் கண்ணாடிகளுக்கு அந்தப் பக்கத்திலிருந்து நேராக, பிறகு காதுக்குள். அண்ணே என்ற சொல்லும் இரண்டு தடவை வந்தது. பிடித்த கையை எடுக்காமல் இருப்பதற்கே எனக்கு முழு மூச்சும் தேவைப்பட்டது.

எழுந்தான். எழுந்தவன் ஓடவில்லை. என் எதிரில் நின்று, வைத்திருந்ததை ஒவ்வொன்றாகப் புல்லில் இறக்க ஆரம்பித்தான். துப்பாக்கி. இன்னொரு துப்பாக்கி. தோட்டாக் கட்டுகள். தலைக்கவசம். மருந்துப் பெட்டி. எங்கே எடுத்தானோ, ஒரு தோசைக்கல் மாதிரியான வாணலி.

"என்னடா பண்ற?"

"எடுத்துக்க. உனக்குத் தர என்கிட்ட இருக்கறது இவ்வளவுதான்."

"சுவர் வந்துட்டுது, முதல்ல உள்ள நட."

"நீ எடுத்தாத்தான் நடப்பேன். கழிச்சுக்க."

டிரைவர் சிரித்துவிட்டு, பஞ்சாயத்தை வண்டியில் வைத்துக்கொள்ளலாமே என்றார். நீங்க சும்மா இருங்க என்று அளவக்கா அவரை அடக்கினாள். அவள் குரல் கொஞ்சம் மாறியிருந்தது.

தம்பி வெறுங்கையோடு நின்றான். அவன் உடம்பில் அந்தத் தீவில் குதித்தபோது இருந்த சட்டை மட்டும்தான் மிச்சம். எடுக்காவிட்டால் நிஜமாகவே அங்கேயே நிற்பான், எனக்குத் தெரியாதா அவனை. நான் குனிந்து ஒவ்வொன்றாக எடுத்தேன். நிதானமாகத்தான் எடுத்தேன். ஒன்றைக்கூட வேண்டாம் என்று சொல்லவில்லை, சொன்னால் அவன் தாங்க மாட்டான். துப்பாக்கி, தோட்டா, கவசம். மருந்துப் பெட்டியைத் தொட்டபோது திரையில் எழுத்து வந்தது. கூட்டிப் படித்தேன். பையில் இடம் இல்லை.

"நிறைஞ்சுட்டுது" என்றேன்.

"இன்னும் கிடக்கே."

"இதுக்கு மேல கொள்ளாதுடா. போதும். தீந்துது."

வீட்டில் என்ன சொல்வேன் என்று ஒரு கணம் தோன்றியது, புகையில் அதுவும் கரைந்தது. தம்பி கண்ணாடிகளுக்கு அப்பாலிருந்து என்னை நிமிர்ந்து பார்த்தானா என்று தெரியவில்லை. நான் திரையை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. எவரோ இரண்டு பேர் எங்களைத் தேடிக்கொண்டிருக்கும் திசையில் மழை லேசானது. புகை நூல் நூலாகப் பிரிந்தது. அவன் திரும்பி நடக்க ஆரம்பித்தான், கைகளை வீசிக்கொண்டு, கண்ணாடி இல்லாதவன் நடக்கிற நடை. நானும் பின்னால் போனேன். புல்லில் அந்த வாணலியும் மருந்துப் பெட்டியும் நனைந்தபடி கிடந்தன. நீலச் சுவர் மெல்ல வந்து அவற்றின் மேல் ஏறியது. முதலில் பெட்டி நீலமானது, பிறகு வாணலி.